மணிக்கு வந்தவள்

என் கோபக்காரிக்கு,

நீ உன் அம்மா வீட்டுக்குக் கிளம்பியபோது பாப்பாவிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. வாசற்படியில்தான் உட்கார்ந்திருந்தாள். அவளைத் தாண்டித்தான் போனாய். கோபத்தை என்னோடு வைத்துக்கொள். குழந்தை என்ன பண்ணும்?

எங்கள் மணிப் பட்டறை வைத்தியர் வந்து என்னைப் பார்த்தார். தொலைந்தவர்களைக் கூப்பிடும் மந்திர மணிகளை, மணியின் நாக்கைத் துணியால் கட்டாமல், நான் துடைத்ததுபோல் துடைத்தால் ‘கூடுதலாள்’ என்ற மனநோய் பிடிக்குமாம். வீட்டில் இல்லாத ஒருவர் இருப்பதாகத் தோன்றுமாம். "உனக்குக் குழந்தையே இல்லையேப்பா," என்றார். எனக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. பாப்பா அவர் பையை நோண்டிக்கொண்டிருந்தாள்.

போகும்போது ஒரு சோதனை சொல்லிக்கொடுத்தார். மனசு உண்டாக்கிய ஆளுக்கு நமக்குத் தெரிந்தது மட்டும்தான் தெரியுமாம். எனக்குத் தெரியாத எதையாவது அவளிடம் கேட்கச் சொன்னார்.

கேட்டேன். "அம்மா ஏன் போனா, பாப்பா?"

உன் சீப்பால் பொம்மைக்குத் தலை சீவிக்கொண்டே சொன்னாள்: "அம்மா வயித்துல தம்பி இருக்கான். உங்கிட்ட மறைச்சிட்டா. எங்கிட்ட மறைக்க முடியுமா?"

உண்மையா? ஒரே வரி எழுது. இல்லை என்று எழுதினால் நானே வைத்தியசாலையில் போய்ச் சேர்ந்துவிடுகிறேன். நீ நிம்மதியாக வீட்டுக்கு வா.

ஆமாம் என்றால், தலைபோகிற காரியமானாலும் இந்தப் பக்கம் வந்துவிடாதே. பாப்பாவுக்குத் தம்பி வேண்டாமாம். காலையிலிருந்து செருப்பை மாட்டிக்கொண்டு, உன் அம்மா வீட்டுக்கு வழி கேட்கிறாள். நான் வாயே திறக்கவில்லை.

உறையில் விலாசத்தைக் கையால் மறைத்துக்கொண்டுதான் எழுதுகிறேன். அவள் என் தோளில் சாய்ந்து, ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டிப் படிக்கப் பார்க்கிறாள்.

உன் வீட்டுக்காரன்