எண்ணெய் பாட்டிலும் உன் சிவப்பு மூக்கும்

பிரியமுள்ள அண்ணே,

மேலுலகம் போய்ச் சேர்ந்த பெரிய பபூனுக்கு இதனால் அறிவிப்பது யாதெனில்: உன் கிழிந்த தொப்பிக்குள் எலி நாலு குட்டி போட்டிருக்கிறது. தாயும் சேய்களும் நலம். தொப்பி நலமில்லை.

நம் நாடக செட் இப்போது வன்னியம்பட்டித் திருவிழாவில் இருக்கிறது. மைக் இன்னமும் ராஜா வேஷம் கட்டும் ராஜபார்ட்டுக்குத்தான். சீன் மாற்றும் வரை வாய் திறக்காமல் விழுந்தெழுந்து சிரிக்கவைக்கும் நம் ஊமை பபூன் ஆட்டத்தை நான் ஒருத்தனே ஆடுகிறேன். உதைப்பவனும் நானே, உதைபடுபவனும் நானே. கூட்டம் அலறுகிறது!

உனக்கு நான் சாயம் பூசுவேன், எனக்கு நீ. பூசினவன்தான் தேங்காயெண்ணெய் தொட்டுத் துடைத்தும் விடவேண்டும். இப்போது எல்லாம் நானே. ஒரு சொட்டு அழவில்லை, தெரியுமா? சாயம் கலைந்துவிடுமே.

அழுவதெல்லாம் மேக்கப் பெட்டி பார்க்கும் முத்தக்காதான். “ஏலே மாரி, நான் எண்ணெய மறக்காம எடுத்து வச்சிருந்தா அவன் கடைக்குப் போயிருப்பானாலே? அந்த லாரி...” தினமும் இதே பேச்சு. சரியாகச் சாப்பிடுவதும் இல்லை.

அன்றைக்கு ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆட்டம் முடிந்து விடிந்திருந்தது.

“எண்ணெய எங்கலே?” என்றாய்.

“கோயில் யானை குடிச்சிட்டுப் போயிருச்சு.”

“இந்த மூக்கோட பஸ் ஏறுனா ஊரே சிரிக்கும்லே.”

“சிரிக்கட்டுமே. சிரிக்க வைக்கிறதுதான நம்ம தொழிலு?”

நீ சிரித்துக்கொண்டே சைக்கிளை எடுத்தாய். ராஜபாளையம் ரோட்டில் நீ கிடந்தபோது, சிவப்பு மூக்கைப் பார்த்து முதலில் சிரித்துவிட்டார்களாம். பபூன் வித்தை காட்டுகிறான் என்று நினைத்தார்களாம்.

ஆஸ்பத்திரியில் உன் முகத்தை நான்தான் துடைத்தேன். வழக்கம் தவறவில்லை. எண்ணெய் ஏதுடா என்று ஒருத்தரும் கேட்கவில்லை. நீயாவது கேட்டிருக்கக்கூடாதா?

பாட்டில் அன்றைக்கு என் டவுசர் பையில்தான் இருந்தது, அண்ணே. நீ கெஞ்சினால் கொடுக்கலாம் என்று ஒளித்து வைத்தேன். நீ கெஞ்சவே இல்லையே.

இன்றைக்குப் பொழுது சாய்வதற்குள் அந்த பாட்டிலை முத்தக்கா கையில் கொடுத்து உண்மையைச் சொல்லிவிடுவேன். உன் மேல் சத்தியம். அவள் அடித்தால் குனிந்து தப்பிக்கவும் மாட்டேன்.

அப்புறம்... தனியாக ஆடுகிறேன் என்றேனே, அதுவும் புருடா. அன்றிலிருந்து நான் சாயமே தொடவில்லை. திரைக் கயிறு இழுக்கிறேன். அதையும் ரெண்டு தடவை தப்பான இடத்தில் இழுத்துவிட்டேன். கண் கலங்கி மேடையே தெரியவில்லை, அண்ணே.

உன்னை உதைத்தே பேர் வாங்கிய தம்பி,
மாரி