புதுத் தொகுதியும் சரோவின் பெயரும்

14 ஏப்ரல் 1997, திங்கள்

வெயில். காற்று மட்டும் குளிர். காலை ஷிப்ட், ரெயில் ஸ்டேஷன் டிக்கட் கவுண்டரில் சண்டை ஒன்றும் இல்லை. வாங்க: பால், மல்லித்தூள், அபிக்குக் காலுறை (வெள்ளை! போன தடவை சாம்பல் வாங்கிச் சரோவிடம் பேச்சும் வாங்கினேன்).

தபாலில் வோட்டுக் காட் இரண்டு வந்திருக்கிறது. எனக்கு ஒன்று, சரோவுக்கு ஒன்று. தொகுதியின் பெயர் புதிது. எல்லையைத் திரும்பக் கீறி, எங்கள் வரிசை வீடுகளை ரெயில் பாதைக்கு அந்தப் பக்கத்தோடு சேர்த்துப் புதுத் தொகுதி ஆக்கியிருக்கிறார்கள். எதிர்வரிசை பழையதிலேயே. குப்பை லொறிக்கு நாங்கள் ஒரு தெரு, பாராளுமன்றத்துக்கு இரண்டு.

பழைய தொகுதியில் யார் வெல்லுவார் என்று எல்லாருக்கும் முன்பே தெரியும். ஆகவே இத்தனை வருடத்தில் ஒருவரும் வந்து கதவைத் தட்டியதில்லை. புதியதில் யார் என்று ஒருவருக்கும் தெரியாதாம். இன்றைக்கு மட்டும் மூன்று கட்சி நோட்டீஸ்.

சரோ தன் வோட்டு அட்டையைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை. மிளகாய்த்தூள் டின்னுக்குக் கீழே வைத்துவிட்டாள். போன தேர்தலுக்கும் அவள் வரவில்லை, அபிக்குக் காய்ச்சல் என்றாள். அபிக்கு அன்று காய்ச்சல் இருந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

19 ஏப்ரல், சனி

மூவருமாக டூட்டிங் தமிழ்க் கடைகளுக்கு. முருங்கைக்காய் தொடமுடியாத விலை. இரண்டு வாங்கினோம்.

கடைக்கார அண்ணையும் புதுத் தொகுதிக்குள்தான் இருக்கிறார். ஆள் ஒரே குஷி. சிலோன் பாஸ்போட்டோடு இருந்தாலும் கொமன்வெல்த் நாட்டவர் என்றபடியால் இந்த நாட்டில் எங்களுக்கு வோட்டு உண்டு, ஆட்கள் தெரியாமல் இருக்கிறார்கள் என்று வருகிறவர்கள் எல்லாரையும் பிடித்துவைத்துச் சொல்கிறார். "நாங்கள் போட்டால்தான் தம்பி, விசா அலுவலுக்கு எம்.பி.மார் ஒரு கடிதமெண்டாலும் எழுதித் தருவினம்." அப்படியே சரோவைப் பார்த்து, தங்கச்சியும் கட்டாயம் போடவேணும் என்றார். அவள் தேங்காயைக் காதடியில் ஆட்டிப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

பஸ்ஸில் ஏறியதும் கேட்டாள், கதவு பூட்டினதுதானே என்று. பூட்டியதே அவள்தான். இரண்டு தரம் இழுத்தும் பார்த்தவள். கலியாணம் கட்டிய நாளிலிருந்து இதே கேள்வி. நான் பகிடி பண்ணிச் சிரிப்பேன். இன்றைக்கும் பண்ணினேன்.

26 ஏப்ரல், சனி

மழை. மனம் சரியில்லை.

ஷிப்ட் முடிந்து வந்தால் வாசற்படியில் ஒரு வயதான வெள்ளைக்காரப் பெண். சட்டையில் கட்சி ரிப்பன், கையில் பிளாஸ்டிக் உறை போட்ட வோட்டர் லிஸ்ட். தெப்பமாக நனைந்திருந்தாள். மணி அடித்து அடித்துப் பார்த்தாளாம், உள்ளே பிள்ளையின் குரல் கேட்டதாம், ஒருவரும் திறக்கவில்லையாம். லிஸ்டில் விரலை வைத்து என் பெயரை வாசித்தாள். பிறகு சரோவின் நீளப் பெயரை எழுத்துக்கூட்டி, சத்தமாக, தெருவுக்கே கேட்க. நான் வரமுன், மணி அடித்தபோதும் அப்படித்தான் வாசித்துக் கூப்பிட்டிருக்கிறாள். யாருக்குப் போடுவீர்கள் என்று கேட்டாள். யோசிக்கிறேன் என்று சொல்லி அனுப்பினேன்.

உள்ளே ஒரு லைட்டும் இல்லை. சரோ குளியலறையில். பைப்பைத் திறந்துவிட்டு, அபியை மடியில் வைத்து, அதன் வாயைப் பொத்திக்கொண்டு. அபிக்கு ஒளித்துப் பிடிச்சு விளையாட்டு என்ற நினைப்பு. "அப்பா found us" என்று துள்ளியது. சரோவின் முகத்தில் விளையாட்டு இல்லை.

"போயிட்டாவோ?" என்றாள். போய்விட்டாள் என்றேன். இரவு அவள் சாப்பிடவில்லை.

27 ஏப்ரல், ஞாயிறு

மழை விட்டுவிட்டது. அபி கார்ட்டூன் பார்க்கும் நேரம், மீன் வெட்டிக்கொண்டே சரோ தானாகச் சொன்னாள். எண்பத்துமூன்று கலவரத்தில் கொழும்பில் அவர்கள் வீடு எரிந்தது எனக்குத் தெரியும். பக்கத்துச் சிங்கள வீட்டு அம்மா குசினிக்குள் ஒளித்துவைத்துக் காப்பாற்றியதும் தெரியும். நான் அப்போது இங்கே படித்துக்கொண்டிருந்தேன், ரேடியோவில்தான் கேட்டேன். இது மட்டும் தெரியாது.

"வோட்டர் லிஸ்டைக் கையிலை வச்சுக்கொண்டுதான் எரிக்க வந்தவங்கள். கேற்றடியிலை நிண்டு வாசிச்சாங்கள். அப்பான்ரை பேர், அம்மான்ரை பேர், பிறகு என்ரை. அந்த வருசம்தான் அப்பா என்ரை பேரையும் சேர்த்தவர். மகளுக்கும் வோட்டு வந்திட்டுதெண்டு ஐஸ்கிறீம் வாங்கித் தந்தவர்."

கத்தியைக் கழுவி வைத்துவிட்டு உப்பு எங்கே என்று கேட்டாள். உப்பு முன்னால்தான் இருந்தது.

இத்தனை வருடம் பக்கத்தில் படுத்திருக்கிறேன். கதவுப் பகிடியை எத்தனை பேர் முன்னால் சொல்லியிருப்பேன். என் சரோ.

29 ஏப்ரல், செவ்வாய்

முகில். காஸ் பில் கட்டியாயிற்று. அபிக்கு ஒரு பல் ஆட்டம்.

கவுன்சிலுக்கு எழுதி, வருகிற லிஸ்டில் உம்முடைய பெயரை எடுப்பிக்கட்டோ என்று சரோவைக் கேட்டேன். எடுக்கச் சொல்லவில்லை, விடச் சொல்லவும் இல்லை. "அந்த மனிசி நல்லா நனைஞ்சு போனாவே?" என்றாள். நனைந்துதான் போனாள் என்றேன். சாப்பிடும்போது திரும்பவும் கேட்டாள். படுக்கப்போகும்போதும்.

1 மே, வியாழன்

நல்ல வெயில். தேர்தல்.

வேலையால் வந்து நேரே போய் என் வோட்டைப் போட்டேன். பள்ளிக்கூட மண்டபம். ஊரில் போலப் பொலிசும் இல்லை, துவக்கும் இல்லை, கயிற்றில் கட்டின பென்சில் ஒன்று. சரோவை வா என்று கேட்கவில்லை. கேட்கப் பயம்.

ஏழு மணிபோல வாசல் மணி அடித்தது. கதவுக் கண்ணாடியால் தெரிந்தது, அதே கிழவி, அதே லிஸ்ட். இன்னும் போடாத ஆட்களைத் தேடி வந்திருக்கிறாள். நான் எழும்புவதற்குள் சரோ குசினியிலிருந்து வந்துவிட்டாள். கையில் கடலை மா. கொளுக்கியைக் கழற்றினாள், மேல் பூட்டு, கீழ்ப் பூட்டு. திறந்தாள்.

கிழவி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு லிஸ்டில் பெயரைத் தேடினாள். அவள் வாசிக்கும்வரை சரோ நிற்கவில்லை. தன் முழுப் பெயரையும் தானே சொன்னாள், வீட்டு நம்பரோடு. குரல் கொஞ்சம் நடுங்கியது. பிறகு குனிந்து லிஸ்டைப் பார்த்து, மா ஒட்டிய விரலைப் பெயருக்கு மேல் வைத்தாள்.

அன்றைக்கு நனைய விட்டதற்கு மன்னிப்புக் கேட்டாள். தனக்கு அதெல்லாம் பழக்கம் என்று கிழவி சிரித்தாள்.

"நான் போட்டிட்டு வாறன். அடுப்பை அணைச்சாச்சு" என்று சொல்லிக் குளிர்க் கோட்டையும் எடுக்காமல் சரோ படியிறங்கிவிட்டாள். நான் அபியைத் தூக்கிக்கொண்டு வீட்டுச் செருப்போடு பின்னால். மண்டபத்தில் பெயர் கேட்டார்கள். இந்த முறை குரல் நடுங்கவில்லை. அடிமட்டம் வைத்துப் பெயரின் மேல் ஒரு கோடு கீறினார்கள். அவள் அந்தக் கோட்டையே பார்த்துக்கொண்டு நின்றாள், பிறகு பென்சில் இருந்த பக்கம் போனாள்.

வரும்போது யாருக்குப் போட்டீர் என்று கேட்டேன். "அது உங்களுக்கென்னத்துக்கு?" என்றாள். முகத்தில் சின்னச் சிரிப்பு.

தெருவில் திரும்பும்போதே கண்டேன். எங்கள் வீட்டுக் கதவு ஆவென்று திறந்து கிடந்தது, விறாந்தை லைட்டும் எரிந்தபடி. கடைசியாக வெளியே வந்தது நான்தான். ஆனால் பூட்டினதோ என்று சரோ வழியில் ஒருதரம்கூடக் கேட்கவில்லை.