தெரிகிற வானம், திறந்த வானம்

இன்று காலை தென்காசி சாலையில் இருக்கும் ஹார்டுவேர் கடைக்குக் கதவுக் கீல் வாங்கப் போயிருந்தேன். எனக்கு முன்னால் நின்றவர் சிலிகான் கம் டியூப் ஒன்றைத் திறந்து, காய்ந்து போகாமல் இருக்கிறதா என்று விரல் நுனியில் பிதுக்கிப் பார்த்தார். புளித்த காடி போல ஒரு வாடை வந்தது. அவ்வளவுதான், என் கால்கள் தாமாகவே கடைக்கு வெளியே வந்துவிட்டன. கடைக்காரர் கூப்பிட்டார். பிறகு வருகிறேன் என்று கையைக் காட்டிவிட்டு, ஸ்கூட்டரைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றேன். அந்த வாடை உனக்கும் ஆகாது. ஏன் ஆகாது என்று தெரிந்த இன்னொரு ஆள் இப்போது உன் அண்ணன் மட்டும்தான்.

கிருஷ்ணன்கோவிலுக்குக் கல்லூரி பஸ்ஸில் ஒரே சீட்டில் போய்ப் படித்த காலத்திலேயே உனக்கு அந்த மூன்று எழுத்துகளின் மேல் ஒரு கண் இருந்தது. ஓ.டி.எஸ். வீட்டு பிளானில் ஒரு சின்னக் கட்டம் போட்டு, மூலைக்கு மூலை கோடு இழுத்து, நடுவில் அந்த மூன்று எழுத்துகளைப் போடுவார்கள். ஓப்பன் டு ஸ்கை, அந்த இடத்தின் மேல் வானம் திறந்திருக்க வேண்டும் என்று அர்த்தம். குளியலறையும் சமையலறையும் அதைப் பார்த்து ஜன்னல் வைத்துக்கொள்ளும். பாடத்தில் ஒரு வரியில் முடிந்த விஷயம். நீ மட்டும் அதைவிட்டு நகரவில்லை.

ராஜபாளையத்தில் நாம் இருவரும் அலுவலகம் போட்ட பிறகு அந்தச் சொல் தினமும் நம் மேஜைக்கு வந்தது. கொத்தனார்கள் அதை "ஓட்டீஸ்" என்றார்கள். ஒரு வீட்டுக்கார அம்மா அதை ஓட்டை என்றே புரிந்துகொண்டு, புது வீட்டுக்கு நடுவில் எதற்கு ஓட்டை என்று முகம் வாடிக் கேட்டார். அன்றைக்குத்தான் நீ தமிழில் ஒரு பேர் வேண்டும் என்று உட்கார்ந்தாய். முற்றம் என்று போடேன் என்றேன். நீ ஒத்துக்கொள்ளவில்லை.

"முற்றம்னா தரைக்குப் பேரு. வத்தல் காயப்போடலாம், பிள்ளைய விளையாட விடலாம். இது தரையப் பத்துன பேச்சே இல்ல. மேல ஒண்ணும் இருக்கக் கூடாதுங்கிறதுக்குப் பேரு."

அன்று முதல் நம் பிளான்களில் ஆங்கில எழுத்துகளுக்குக் கீழே 'வான்திறப்பு' என்று எழுதினாய். நகராட்சியில் இது என்ன புது வார்த்தை என்று கேட்டார்கள். நீ விளக்கினாய். ஆங்கில எழுத்தும் கூடவே இருந்ததால் விட்டுவிட்டார்கள். கொத்தனார்கள் அதையும் சுருக்கி "தொறப்பு" ஆக்கினார்கள். "தொறப்ப எந்தப் பக்கம் விடணும் மேடம்?" என்று முதல் தடவை ஒருவர் கேட்டபோது உன் முகத்தைப் பார்க்க வேண்டுமே. பள்ளிக்கூடத்தில் பரிசு வாங்கிய பிள்ளை மாதிரி இருந்தாய்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் உன் அண்ணன் வீட்டையும் நாம்தான் வரைந்தோம். கீழே அவருடைய ஐஸ்கிரீம், கூல்டிரிங்ஸ் கடை. மாடியில் அண்ணன், மதினி, அவர்களுடைய சின்ன மகள். இரண்டு பக்கமும் அடுத்த வீட்டுச் சுவர்கள் ஒட்டிக்கொண்டிருந்ததால், வீட்டுக்கு மூச்சே அந்தத் திறப்பு ஒன்றுதான். கடையின் பின்கட்டிலிருந்து மொட்டை மாடி வரை கிணறு மாதிரி ஏறும். நீ அதைக் கொஞ்சம் அகலமாகவே விட்டாய். கடை இடம் குறைகிறதே என்று அண்ணன் முணுமுணுத்ததற்கு, பின்னால் எனக்கு நன்றி சொல்வாய் என்றாய்.

ஒரு வருஷம் கழித்து, நோன்புப் பெருநாளைக்கு உன்னோடு நானும் அந்த வீட்டுக்கு வந்தேன். மொட்டை மாடிக்கு ஏறினால் திறப்பின் மேல் கண்ணாடி. கனமான கண்ணாடியை இரும்புச் சட்டத்தில் பதித்து, சுற்றிலும் சிலிகான் கம் பூசி ஒரு நூல்கூட இடைவெளி இல்லாமல் அடைத்திருந்தார்கள். அப்போதுதான் பூசியிருந்ததால் வாடை மூக்கைத் துளைத்தது. மழைச் சாரல் உள்ளே வருகிறது, புறாக்கள் அசிங்கம் செய்கின்றன என்று அண்ணன் காரணம் சொன்னார். பொய்யில்லை, இரண்டும் நடந்ததுதான். நீ கீழே குனிந்து பார்த்தாய். அடியில் புது ஜெனரேட்டர் ஒன்று பச்சை நிறத்தில் உட்கார்ந்திருந்தது. ஃப்ரீசருக்காக வாங்கியது. கரண்ட் போனால் ஆள் இல்லாமலே தானாக ஓட ஆரம்பித்துவிடும் என்று அவர் பெருமையாகச் சொன்னார்.

அந்த நிமிஷத்தில் உன் முகம் மாறியது. அங்கே எதற்கு ஜெனரேட்டரை வைத்தாய் என்று கேட்டாய். மெக்கானிக் பிளானைப் பார்த்தான், ஓ.டி.எஸ் என்று போட்டிருந்தது, திறந்த இடம்தானே என்று அங்கேயே வைத்துவிட்டான் என்றார். அப்படியானால் கண்ணாடியை எடு, புகைக்கு மேலே வழியில்லை, ஜன்னல் வழியாக வீட்டுக்குள்தான் வரும் என்றாய்.

"வானம் தெரியுதுல்ல? பொறவு என்ன?" என்றார் அண்ணன்.

"தெரியுறது வேற அண்ணே, தொறந்திருக்குறது வேற."

பெருநாள் அன்று வீடு நிறைய ஆட்கள். உறவுக்காரர்கள் முன்னால் தங்கை இப்படிப் பேசியது அவருக்குச் சுட்டிருக்க வேண்டும். படித்த திமிர் என்று ஒரு வார்த்தை விட்டார். மதினி பரிமாறிய பிரியாணியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தாய். மதினி படிக்கட்டு வரைக்கும் வந்து கையைப் பிடித்தாள். கண்ணாடியை எடுத்தால்தான் இந்த வீட்டில் கால் வைப்பேன் என்று சொல்லிவிட்டு இறங்கினாய். பஸ் ராஜபாளையம் எல்லைக்கு வந்த பிறகு சொன்னாய்: "மெக்கானிக் வார்த்தைய நம்பினான். கண்ணாடிக்காரன் கண்ண நம்பினான். ரெண்டு பேரும் தப்பு பண்ணலன்னுதான் சொல்வாங்க."

அதற்குப் பிறகு நீ அண்ணனுக்குப் போன் செய்து பார்த்தாய். வேறொரு மெக்கானிக்கை அனுப்பிக் கடையில் அவரிடம் பேசச் சொன்னாய். அவர் பார்க்கலாம், பார்க்கலாம் என்றே நாளைக் கடத்தினார். மதினி மட்டும் உன்னோடு ரகசியமாகப் போனில் பேசுவாள். ஜெனரேட்டர் ஓடினால் வாசல் கதவைத் திறந்து வையுங்கள், மதினி என்று ஒவ்வொரு தடவையும் சொல்லித்தான் போனை வைப்பாய்.

ஐப்பசி மழை பிடித்துக்கொண்ட ஒரு வெள்ளிக்கிழமை. மதியம் நாம் அலுவலகத்தில் டிபன் பாக்ஸைத் திறந்து உட்கார்ந்திருந்தோம். உன் போன் அடித்தது, மதினி. நீ ஸ்பீக்கரில் போட்டுவிட்டுச் சோற்றைப் பிசைந்தாய். தலை வெடிக்கிற மாதிரி வலிக்கிறது, ரெண்டு தரம் வாந்தி எடுத்தேன் என்றாள். பேச்சு குழறியது. காலையில் சாப்பிட்டது சேரவில்லை போலிருக்கிறது, பாப்பாவும் ரொம்ப நேரமாகத் தூங்குகிறாள், எழுப்பினால் எழுந்திருக்க மாட்டேன் என்கிறாள் என்றாள்.

உன் கை அப்படியே நின்றது.

"மதினி, கரண்ட் இருக்கா?"

"இல்ல. மழைக்கு அப்பவே போயிருச்சு."

"வாசக் கதவு தொறந்திருக்கா?"

"சாரல் அடிக்குன்னு சாத்திட்டேன்."

நீ எழுந்துவிட்டாய். குரலை உயர்த்தவில்லை. மதினி, பாப்பாவைத் தூக்கிக்கொண்டு இப்போதே வெளியே வாருங்கள், நடக்க முடியாவிட்டால் தவழ்ந்தாவது வாருங்கள் என்றாய். அவள் "வாரேன்" என்றாள். போன் எதன் மேலோ விழுகிற சத்தம் கேட்டது. பிறகு எங்கோ தூரத்தில் ஜெனரேட்டர் ஓடும் சத்தம் மட்டும்.

அண்ணனுக்கு அடித்தால் எடுக்கவில்லை. ஜும்ஆ நேரம். கடையைப் பூட்டிவிட்டுப் பள்ளிவாசலுக்குப் போயிருப்பார். நான் நூற்றியெட்டுக்குச் சொன்னேன். கொட்டும் மழையில் நான் ஸ்கூட்டரை ஓட்ட, நீ பின்னால் உட்கார்ந்து மழைக்கோட்டுக்குள் போனைக் காதோடு அழுத்தியபடி, "மதினி, நான் பேசுறது கேக்குதா, எதாவது சொல்லுங்க" என்று வழி முழுக்கச் சொல்லிக்கொண்டே வந்தாய். மில் வாசல்களில் லாரிகள் திரும்பும் இடத்திலெல்லாம் என் தோளை உன் விரல்கள் இறுக்கின. அந்தச் சாலையில் எத்தனையோ முறை போயிருக்கிறோம். அன்றைக்கு மட்டும் ஊர் வரவே இல்லை.

கடையின் ஷட்டர் பூட்டிக் கிடந்தது. உள்ளே ஜெனரேட்டர் உறுமிக்கொண்டிருந்தது, அணைக்க வழியில்லை. வெளிப்படிக்கட்டில் ஏறினோம். மாடிக் கதவு உள்ளே தாழ் போட்டிருந்தது. நான் கதவைத் தட்டிக் கத்திக்கொண்டிருக்க, நீ நிற்காமல் மொட்டை மாடிக்கு ஓடினாய். அங்கே மிஞ்சிக் கிடந்த ஹாலோ பிளாக் ஒன்றைத் தூக்கிக் கண்ணாடியின் மேல் போட்டாய். முதல் தடவை உடையவில்லை. அடுத்த தடவை தலைக்கு மேலே தூக்கிப் போட்டாய். கண்ணாடி பொடிப்பொடியாகக் கொட்டுகிற சத்தம் எனக்குக் கீழே கேட்டது. எதிர்ப்புறம் டயர் கடை வைத்திருந்தவர் ஜாக்கி லிவரோடு ஓடிவந்து கதவை நெம்பினார். தாழ் பிய்ந்தது.

மதினி கதவுக்குப் பக்கத்திலேயே குப்புறக் கிடந்தாள். அவ்வளவு தூரம் வந்திருக்கிறாள். குழந்தை கட்டிலில் கிடந்தது. கன்னம் சிவந்து, நன்றாகத் தூங்குகிற பிள்ளை மாதிரி. அந்தப் புகையின் விஷம் ஏறினாலும் அப்படித்தான் சிவக்கும், அதுதான் பயங்கரம். நீ அதை அள்ளித் தோளில் போட்டுக்கொண்டு படிக்கட்டில் இறங்கி, மழை நின்றபாடில்லை என்றாலும் தெருவுக்கே போய் நின்றாய். மூக்கருகே காதை வைத்துக் கேட்டாய். நான் மதினியை டயர் கடைக்காரரோடு சேர்ந்து இழுத்து வந்தேன். ஆம்புலன்ஸ் வரும் வரை உன் உதடுகள் மட்டும் அசைந்துகொண்டிருந்தன. என்ன ஓதினாய் என்று நான் கேட்கவில்லை.

ஆம்புலன்ஸில் ஆக்சிஜன் வைத்துக்கொண்டிருந்தபோது அண்ணன் தொப்பியோடு தெருமுனையில் ஓடிவந்தார். யாரோ போய்ச் சொல்லியிருக்கிறார்கள். முதலில் ஷட்டரைத் திறந்து ஜெனரேட்டரை அணைத்தார். சத்தம் நின்றதும் தெரு ரொம்பப் பெரியதாகிவிட்ட மாதிரி இருந்தது. திரும்பி உன்னைப் பார்த்தார். நீ அவரைத் திட்டுவாய் என்று நான் நினைத்தேன்.

"பிள்ள மூச்சு விடுது அண்ணே. போயி மதினி பக்கத்துல உக்காரு," என்றாய்.

அரசு மருத்துவமனையில் சாயங்காலம் வரை யாரும் உட்காரவில்லை. மதினி முதலில் தெளிந்தாள், பாப்பா எங்கே என்றாள். பாப்பா அப்போது இன்னும் கண் திறக்கவில்லை. அந்த நேரத்தில் அண்ணன் சுவரைப் பார்த்து நின்றுகொண்டார். இருட்டும்போது குழந்தை கண்ணைத் திறந்து, உன்னைப் பார்த்து, என் பொம்மையை ஏன் நனைத்தாய் என்று அழுதது. பொம்மை எதுவும் அங்கே இல்லை. கனவு ஏதோ கண்டிருக்கிறது. அப்போதுதான் நீ தரையில் உட்கார்ந்தாய். உன் கைகளில் கண்ணாடி கீறிய ரத்தம் காய்ந்திருந்ததை நீயே அப்போதுதான் பார்த்தாய்.

அண்ணன் சட்டத்தையும் அறுத்தெடுத்துவிட்டார். புறாவுக்கு வலை மட்டும் கட்டினார். ஜெனரேட்டர் மொட்டை மாடிக்குப் போனது. உன்னிடம் மன்னிப்பு என்று அவர் ஒரு நாளும் கேட்கவில்லை. நீயும் எதிர்பார்க்கவில்லை. ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் தொழுகை முடிந்து அவர் வீட்டுச் சாப்பாடு நம் அலுவலகத்துக்கு வந்தது, இரண்டு பேருக்கும்.

அதற்கு அடுத்த வருஷம் உன் வயிற்றில் கட்டி என்றார்கள். மதுரையில் நீ படுத்திருந்த அறை ஏசி போட்டு அடைத்த அறை. ஜன்னல் பெரியது, கண்ணாடி. மேகம் நகர்வது நன்றாகத் தெரிந்தது. பார்க்க அழகாகத்தான் இருக்கிறது என்று நான் ஏதோ ஆறுதலுக்குச் சொன்னேன். நீ தலையைத் திருப்பாமல், "செத்த நேரம் வெளிய கூட்டிட்டுப் போயேன்" என்றாய். நர்ஸிடம் கெஞ்சிச் சக்கர நாற்காலியில் தள்ளிக்கொண்டு போனேன். ஆம்புலன்ஸ் நிறுத்தும் இடம், புகை, ஹாரன் சத்தம். நீ அண்ணாந்து பார்த்துக்கொண்டே இருந்தாய். எனக்குக் கை வலித்தது, நாற்காலியை விடவில்லை. நாம் சேர்ந்து வெளியே போனது அதுதான் கடைசி.

நீ போன பிறகு அலுவலகத்தை மூடிவிடலாமா என்று யோசித்தேன். வீட்டிலும் அதையே சொன்னார்கள். மூடவில்லை. சாமர்த்தியமாகப் பேசி வேலை பிடிக்கிறவளாக நானும், சண்டை போடுகிறவளாக நீயும் இருந்தோம். இப்போது இரண்டையும் நானே செய்கிறேன். சண்டை எனக்கு நன்றாக வரவில்லை. கண்ணில் நீர் வந்துவிடுகிறது. ஆனாலும் திறப்பை மூடினால் கையெழுத்து இல்லை என்று சொல்லி முடித்துவிடுகிறேன். வீடு கட்ட வந்த இரண்டு பேர் வேறு ஆளைப் பார்த்துக்கொண்டார்கள். போகட்டும்.

இன்னொன்றும் உன்னிடமிருந்து எனக்கு ஒட்டிக்கொண்டது. மழையோடு கரண்ட் போனால் என்னால் உட்கார முடிவதில்லை. நாம் கட்டிய வீடுகளில் ஜெனரேட்டர் உள்ள வீட்டுக்கெல்லாம் போன் செய்கிறேன். எங்கே ஓடுகிறது, கதவு திறந்திருக்கிறதா, பிள்ளைகள் விழித்திருக்கிறார்களா என்று கேட்கிறேன். சிலர் சிரிக்கிறார்கள். சிலர் சலித்துக்கொள்கிறார்கள். போன வாரம் சேத்தூர்ப் பக்கத்து வீட்டு அம்மா ஒருவர், "எத்தன தடவ கேப்ப? கதவத் தொறந்து போட்டுட்டு வெளியதான் உக்காந்திருக்கோம், சாரல்ல நனைஞ்சுட்டு" என்று என்னைக் கடிந்துகொண்டார்.

அவர் திட்டி முடிக்கும் வரை கேட்டுக்கொண்டிருந்தேன். பின்னால் பிள்ளைகள் மழையில் கத்தி விளையாடுகிற சத்தம் கேட்டது. சரிம்மா என்று சொல்லிவிட்டு, அடுத்த வீட்டுக்கு அடித்தேன்.