வீடியோவில் அழுதவர்

ஜூன் 4

அன்புள்ள தம்பிக்கு,

ஆர்டர் இல்லை என்று மூடிய என் தையல் கம்பெனி இன்னும் திறக்கவில்லை. மாமாவையும் பஸ் ஓட்டக் கூப்பிடவில்லை. போனில் பேசினால் கத்திவிடுவேன். மெசேஜ் அனுப்பினால் அதையும் உன் ஃபேஸ்புக் பக்கத்தில் போட்டுவிடுவாயோ என்று பயம். அதனால்தான் கடிதம்.

நீ மளிகைப் பை கொண்டுவந்தபோது வயிறு குளிர்ந்தது, பொய் சொல்ல மாட்டேன். "சும்மா ஒரு போட்டோக்கா, குடுத்தவங்களுக்குக் காட்டணும்" என்றாய். மாமா பையை வாங்கும்போது சின்னவள், "அப்பா, இது முழுக்க நமக்கா?" என்று கேட்டுவிட்டாள். மனுஷன் தேம்பி அழுதுவிட்டார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் நானே பார்க்காத அழுகை அது. அதை வீடியோ எடுத்து ஊருக்கெல்லாம் காட்டியிருக்கிறாய். பின்னால் சோக மியூசிக் வேறு!

பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் சின்னவளைப் பார்த்து, "இது முழுக்க நமக்கா?" என்று ராகம் போடுகிறார்கள். மாமா பால் வாங்கக்கூட வாசல் தாண்டுவதில்லை. முதலில் அந்த வீடியோவை அழி.

உன் அக்கா

ஜூன் 11

அன்பு அக்காவுக்கு,

திட்டு, வாங்கிக்கொள்கிறேன். ஆனால் நான் சொல்வதையும் கேள். முகத்தை மறைத்துப் போட்டபோது ஒருத்தரும் திரும்பிப் பார்க்கவில்லை. மாமா வீடியோவுக்குப் பிறகுதான் உதவி கொட்டியது. இங்கே ஒரு கைக்குழந்தை அதனால்தான் பால் குடிக்கிறது. இதை எப்படி அழிப்பேன்? என் அக்கா வீடு என்ற உரிமையில் செய்தேன்.

நல்ல செய்தி ஒன்று. வீடியோவைப் பார்த்த குடோன் முதலாளி ஒருவர் மாமாவுக்கு வேன் ஓட்டும் வேலை தருகிறார். முகவரி பின்பக்கத்தில். வருகிற 22, ஞாயிறு, நான் வருகிறேன். "இப்ப அவங்க எப்படி இருக்காங்க?" என்று எல்லாரும் கேட்கிறார்கள். மாமா சிரித்த மாதிரி ரெண்டு நிமிஷம் எடுத்தால் போதும்.

பாசமுள்ள தம்பி

ஜூன் 18

தம்பிக்கு,

மாமா வேலையில் சேர்ந்துவிட்டார். முதல் நாளே முதலாளி எல்லாரையும் கூட்டி, "யாருன்னு தெரியுதா? அந்த வீடியோல அழுதாரே, அவரேதான்!" என்று முதுகில் தட்டினாராம். எல்லாரும் கை தட்டினார்களாம். இவர் கும்பிட்டாராம்.

வீட்டுக்கு வந்தவர் சட்டையைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தார். "வேணாம், விட்டுடுங்க" என்றேன். "விட்டுட்டு? நன்றி கெட்டவன்னும் பேர் வாங்கவா?" என்றார். காலையில் கிளம்பிப் போனார். தினமும் போகிறார்.

வேலை உன்னால்தான் கிடைத்தது. இல்லை என்று சொல்ல முடியவில்லையே, அதுதான் இன்னும் எரிகிறது. அந்தக் குழந்தை பால் குடிப்பதும் எனக்குச் சந்தோஷம்தான். ஆனால் நீ வேலையில்லாமல் எங்கள் வீட்டில் கிடந்தாயே, அப்போது உன் சட்டைப் பையில் பஸ் காசு இருக்குமே, யார் வைத்தது என்று நினைத்தாய்? நீ குளிக்கப் போகும் நேரம் பார்த்து மாமா வைப்பார். எனக்கே ரொம்ப நாள் கழித்துத்தான் தெரியும்.

வீடியோ ஓடினால் ஓடட்டும். நாலு பேர் பசியாறட்டும். ஞாயிற்றுக்கிழமை மட்டும் வராதே. நீ கேட்டால் மாமா சிரித்துவிடுவார், அவர் அப்படிப்பட்ட மனிதர். அதை என் கண்ணால் பார்க்க மாட்டேன்.

இப்படிக்கு,
சின்னவளின் அம்மா