என் பெயரில் வந்த பாராட்டு

விட்பி மருத்துவமனை
14 மார்ச் 1958

அன்புள்ள ஈனிட்,

தையல் பிரிக்க இன்னும் சில நாளாகுமாம். அதுவரை மாட்டிறைச்சிச் சாறும் தேநீரும்தான்.

நேற்று டிவியில் நம் நாடகத்தை வார்டு முழுக்க உட்கார்ந்து பார்த்தது. முடிவில் 'இயக்கம்: மெர்வின் த்ரெல்ஃபால்' என்று வந்ததும் கைதட்டினார்கள். பக்கத்துக் கட்டில் மீன்பிடிக்காரர், "படுத்துக்கிட்டே டைரக்ட் பண்ணிட்டீங்களே, சார்" என்றார். ஓய்வு நாளில் அக்கா வீட்டுக்கு வந்த இடத்தில் எனக்குக் குடல்வால் வெடித்ததும், என் மனைவியும் உதவியாளருமான நீயே என் நாற்காலியில் உட்கார்ந்து நேரடி ஒளிபரப்பை நடத்தியதும் அவருக்குத் தெரியுமா? பெயர் அட்டையைப் போன வாரமே எழுதி முடித்துவிட்டார்களே. நானும் சிரித்து வைத்தேன்.

ஒன்று கேட்க வேண்டும். மகனைக் காட்டிக்கொடுத்தது தான்தான் என்று தாய் ஒப்புக்கொள்ளும் இடத்தில் கேமரா கணவன் முகத்துக்கு மாற வேண்டும் என்று நாடகப் பிரதியில் சிவப்பு மையில் எழுதியிருந்தேன். நீ மாறவில்லை. தாயாக நடித்த ரோஸலிண்டின் முகத்திலேயே நின்றாய், அதுவும் சத்தமே இல்லாமல். வார்டில் ஒரு இருமல்கூட இல்லை. யாரைக் கேட்டு அப்படிச் செய்தாய்?

நன்றாகத்தான் இருந்தது. அதுதான் பொறுக்கவில்லை.

உன்
மெர்வின்


மான்செஸ்டர்
18 மார்ச் 1958

அன்பு மெர்வின்,

கம்பளி மேலாடை வந்து சேர்ந்ததா? கடற்காற்றில் அதைப் போடாமல் வெளியே போகாதே.

யாரைக் கேட்டேனா? கேட்க அங்கே யார் இருந்தார்கள்? ரோஸலிண்டுக்கு வசனம் மறந்துவிட்டது. அடியெடுத்துக் கொடுக்கிற பெண் வழக்கம்போல ஒலியைத் துண்டிக்கும் பொத்தானை அழுத்திக்கொண்டு வசனத்தைச் சொன்னாள். வீட்டில் பார்ப்பவர்கள் டிவிதான் மக்கர் செய்கிறது என்று அதைத் தட்டிக்கொண்டிருப்பார்கள். நம் பிழைப்பு அப்படித்தானே ஓடுகிறது. ஆனால் ரோஸலிண்ட் அதைக் காதில் வாங்கவே இல்லை. அப்படியே நின்றாள். கண்ணில் நீர் கோத்துக்கொண்டது.

கேமராக்களை மாற்றும் பெரில், பொத்தான்மேல் விரலை வைத்துக்கொண்டு, "மாத்தட்டுமா, மாத்தட்டுமா" என்று உயிரை எடுத்தாள். "கையை எடு. அவ முகத்துலயே இரு" என்றேன். ரோஸலிண்டுக்கு வசனம் தானாகவே வந்தது.

துறைத் தலைவர் வந்து பாராட்டினார். எல்லாம் உன் திட்டப்படிதான் என்று சொல்லிவிட்டேன். நீ மட்டும், பயந்தாயா என்று என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. வீட்டுக்கு வந்தும் மேலங்கியைக் கழற்றாமல் விடியும்வரை உட்கார்ந்திருந்தேன்.

உன்
ஈனிட்


அக்கா வீடு, விட்பி
27 மார்ச் 1958

கண்ணே ஈனிட்,

லண்டனிலிருந்து அழைப்பு வந்திருக்கிறது! அந்த மௌனத்தைப் பற்றித்தான் அங்கே எல்லோரும் பேசுகிறார்களாம். தயாரிப்பாளர் வேலையும் தருகிறார்கள், இயக்கமும் என்னுடையதே.

பத்திரிகைக்காரர் ஒருவரும் வந்துபோனார். அந்த மௌனம் எப்படித் தோன்றியது என்று கேட்டார். ஒத்திகையின் முதல் நாளே முடிவு செய்துவிட்டேன் என்றேன். வாயில் வந்துவிட்டது. பாராட்டு என் பெயருக்கு வருகிறது, ஆனால் உள்ளே போக மாட்டேன் என்கிறது. உன் மேல் பொறாமை, வேறொன்றும் இல்லை. கோபித்துக்கொள்ளாதே.

நீ உடனே வேலையை விட்டுவிட்டு வா. முதல் நாடகத்திலேயே அப்படி ஒரு மௌனம் வேண்டும் என்கிறார்கள். எப்போதும்போல நேரம் பார்த்துக்கொண்டு என் பக்கத்தில் உட்கார். எதுவரை பொறுக்கலாம் என்று காதோடு சொன்னால் போதும். கணவன் மனைவிக்குள் உன் பெயர் என்ன, என் பெயர் என்ன?

உன்
மெர்வின்


மான்செஸ்டர்
2 ஏப்ரல் 1958

மெர்வின்,

உன் பேட்டி வந்த பத்திரிகையைக் கேண்டீனில் பெரில்தான் உரக்கப் படித்தாள். "ரோஸலிண்டுக்கு வசனம் மறக்கப்போகுதுன்னு மனுஷனுக்கு முதல் நாளே தெரிஞ்சிருக்கு பாரு" என்றாள். அத்தனை பேரும் சிரித்தார்கள். என் கணவரைப் பார்த்துச் சிரிக்கிறார்கள் என்று கோபப்படத்தான் எழுந்தேன். கோபம் அவர்கள்மேல் வரவில்லை.

நேரே தலைவரிடம் போய், அன்று சொன்னது பொய் என்றேன். அவர் ஆச்சரியப்படவே இல்லை. "அது எனக்கு அன்னைக்கே தெரியும். நீ ஏன் மறைச்சேன்னுதான் புரியலை" என்றார். அடுத்த நாடகத்தை என்னிடம் கொடுத்திருக்கிறார்.

பொறாமை என்று நீ கூசாமல் எழுதுகிறாய். நான் எழுதியதில்லை. இத்தனை வருடம் உன் பக்கத்தில் உட்கார்ந்து, நீ 'மாற்று' என்ற ஒவ்வொரு முறையும் மனதுக்குள் வேறோர் இடத்தில் மாற்றிக்கொண்டிருந்தேன். வீட்டுக்கு வந்து உனக்கு முட்டை பொரிக்கும்போதும் வயிறு எரிந்தது. பெண்டாட்டி அப்படி நினைக்கலாமா என்று என்னையே திட்டிக்கொண்டேன். உன் பொறாமைக்கு லண்டனில் வேலை கிடைத்தது. என்னுடையது இத்தனை நாள் உனக்குத் தேநீர் போட்டுக்கொண்டிருந்தது.

லண்டனுக்குப் போ. நான் வரவில்லை. வேலைக்கும் சரி, வீட்டுக்கும் சரி.

மே மாதம் என் நாடகம் வரும். நீ பார்ப்பாய், பார்க்காமல் உன்னால் இருக்க முடியாது. கேமரா எங்கே மாறியிருக்க வேண்டும் என்று உனக்குத் தோன்றும். அதை எனக்கு எழுதாதே.

ஈனிட்