வெளிச்சத்துக்கு முன்னால் போய்ச் சேர்வது

மார்ச் 3, செவ்வாய்

காலில் மாவுக்கட்டு போட்டு இது இரண்டாவது வாரம். கல்லூரியில் என் இயற்பியல் வகுப்பை யார் எடுக்கிறார்களோ. பிள்ளைகள் நிம்மதியாக இருப்பார்கள். மத்தியானம் சாப்பிட்டதும் கண் சொக்குகிறது. இன்றும் கனவில் அதே ஊர். அங்கே விளக்கை ஏற்றினால் வெளிச்சம் சட்டென்று பரவாது. தேன் போல மெல்ல வழிந்து, படி இறங்கி, தெருவில் நடந்து வரும். அதன் கூடவே நடந்தேன். கையை நீட்டித் தொட்டால் வெதுவெதுப்பு. அங்கே எனக்குக் காலில் கட்டு கிடையாது. அதற்காகவே தூங்கலாம்.

மார்ச் 6, வெள்ளி

மகள் பட்டு அழைத்தாள். இரத்த அழுத்தம் ஏறிவிட்டதாம். பிரசவம் வரை எழுந்து நடக்கக் கூடாது என்று ஆஸ்பத்திரியிலேயே படுக்க வைத்துவிட்டார்கள். மாப்பிள்ளை கப்பலில், கரைக்கு வர நாளாகும்.

"உன்னால வர முடியாதுல்ல" என்றாள். அதைக் கேள்வியாகக்கூடக் கேட்கவில்லை.

கடலுக்கு அந்தப் பக்கம் அவள். மாடிப்படியைக்கூடத் தாண்ட முடியாமல் இந்தப் பக்கம் நான். என்ன அம்மா நான்?

மார்ச் 7, சனி

கனவூரில் தெருவிளக்கு ஏற்றுகிறவரைப் பிடித்துக்கொண்டேன். தோளில் ஏணியோடு இந்த முனையில் ஒரு விளக்கை ஏற்றுகிறார். அடுத்த கணம் துறைமுகத்து முனையில் நிற்கிறார். வெளிச்சம் பாவம், பாதித் தெருகூடத் தாண்டியிருக்காது.

"எப்படிங்க அதுக்கு முன்னாடி போய்ச் சேர்றீங்க?"

"அது வழியில இருக்கற எல்லாத்தையும் தொட்டாகணும்மா. ஒவ்வொரு கல்லு, ஒவ்வொரு இலை. எதையும் விட்டுட்டு வர அதுக்கு மனசு வராது. எனக்கு அடுத்த விளக்கு மட்டும் போதும்."

விழித்ததும் பேனா கிடைத்தது, காகிதம் எட்டவில்லை. கட்டின் மேலேயே எழுதினேன்: வேகம் தூரத்தைப் பொறுத்ததல்ல. வழியில் எத்தனை பொருளைத் தொட வேண்டும் என்பதைப் பொறுத்தது. அது குறையக் குறைய வேகம் கூடும். ஒன்றே ஒன்றாகிவிட்டால் ஒளி பின்தங்கிவிடும்.

என் மாணவர் யாராவது இதை எழுதியிருந்தால் முட்டை போட்டிருப்பேன்.

மார்ச் 8, ஞாயிறு

என் கணவர் குனிந்து என் காலைப் படித்தார். மூக்குக்கண்ணாடிக் கடைக்காரர் அல்லவா, எழுத்து எவ்வளவு பொடியாக இருந்தாலும் விடமாட்டார்.

"வெளிச்சத்தை வளைச்சுத்தான் இத்தனை வருஷமா சோறு தின்னுறேன். அதை யாரும் முந்த முடியாது. நீதானே எனக்கே சொல்லிக்குடுத்தே?"

"அது இங்கே. நான் சொல்றது அங்கே."

"சரி, அங்கே போறப்ப காபி போட்டு வெச்சுட்டுப் போ."

மார்ச் 10, செவ்வாய்

தோல்வி. கனவூரிலிருந்து பட்டுவை நினைத்துத்தான் கிளம்பினேன். நடுவழியில் மாப்பிள்ளைக்குத் தகவல் போனதா, அவளுக்கு மாற்றுத் துணி இருக்கிறதா, அடுப்பை அணைத்தேனா — நினைத்ததெல்லாம் விளக்குக் கம்பமாக முளைத்து எதிரே நின்றது. ஒவ்வொன்றாகத் தொட்டுத் தொட்டுப் போக வேண்டியதாயிற்று. கடைசியில் கறுத்த கடல்நீர்மேல் திகைத்து நின்றேன். பின்னால் வந்த வெளிச்சம் என்னைத் தாண்டிப் போனது. போகிற போக்கில் என்னையும் தொட்டுவிட்டுத்தான் போனது.

மார்ச் 12, வியாழன்

சனிக்கிழமை ஆபரேஷன் செய்து குழந்தையை எடுக்கப் போகிறார்களாம். இன்னும் மாதம் நிறையவில்லை. "பயமா இருக்கும்மா" என்றாள். வெகுநேரம் இரண்டு பேரும் போனை வைக்கவில்லை.

மார்ச் 13, வெள்ளி

போய்விட்டேன்!

ஆஸ்பத்திரியை நினைக்கவில்லை. நாளையை நினைக்கவில்லை. பிறக்கப் போகிற குழந்தையைக்கூட நினைக்கவில்லை. வியர்த்து, முடி ஒட்டிக் கிடக்கும் பட்டுவின் நெற்றி — அது மட்டும். தூக்கிய காலைக் கீழே வைக்கவில்லை, அதற்குள் அவள் கட்டிலோரம் நிற்கிறேன். எனக்கு மத்தியானம் என்றால் அவளுக்கு இன்னும் விடியவில்லை. அறை இருட்டு.

"அம்மா, லைட்டைப் போடாதே."

"நான் எங்கேடி போட்டேன்? அது இன்னும் வந்தே சேரலை."

முடியை ஒதுக்கிவிட்டேன். என் கையை எடுத்துக் கன்னத்தடியில் வைத்துக்கொண்டாள். வெகுநேரம் கழித்துக் கதவுக்கு அடியில் வெளிச்சம் தலையை நீட்டியது, ஓடிவந்து மூச்சு வாங்குகிற மாதிரி. இரண்டு பேரும் சிரித்துவிட்டோம்.

சாயங்காலம் போன் வந்தது. கனவைப் பற்றி நான் வாயே திறக்கவில்லை.

"அம்மா, ஒரு கனவு. கதவுக்கு அடியில வெளிச்சம் வந்துச்சு. அதுக்கு ஏம்மா அப்படி மூச்சு வாங்குச்சு?"

"இப்ப பயமா இருக்கா?" என்று மட்டும் கேட்டேன்.

"இல்லை. பசிக்குது."

மார்ச் 14, சனி

பெண். எடை கொஞ்சம் குறைவு, குரலில் குறைவே இல்லையாம். பட்டு நலம். அவர் கடையைப் பாதியில் பூட்டிவிட்டு வந்து, என் பக்கத்தில் உட்கார்ந்து சத்தமில்லாமல் அழுதார். நானும்தான்.

ஏப்ரல் 10, வெள்ளி

கட்டைப் பிரித்தார்கள். வெட்டுவதற்கு முன் டாக்டர் நின்று படித்தார்.

"இது என்ன ஃபார்முலா? செஞ்சு பார்த்தீங்களா?"

"பார்த்தேன் டாக்டர்."

ஜோக் என்று நினைத்துச் சிரித்தார். அவர் சிரிப்பைக் கெடுப்பானேன்? கால் இளைத்து வெளுத்துப் போயிருக்கிறது. ஆனால் நடக்கிறது.

மே 5, செவ்வாய்

நேற்று பட்டுவின் வீட்டுக்கு வந்து சேர்ந்தேன், விமானத்தில்தான். முட்டி நன்றாகப் பிடித்துக்கொண்டது. வந்த வலியெல்லாம் குழந்தையை மடியில் வாங்கியதும் போன இடம் தெரியவில்லை.

விடியற்காலை. பட்டு அசந்து தூங்குகிறாள். குழந்தை என் மார்மேல் கிடந்தது. மூடிய இமைக்குள் கண்ணை உருட்டியது, புருவத்தைச் சுருக்கியது, பிறகு பொக்கைவாய் முழுக்கத் திறந்து யாரையோ பார்த்துச் சிரித்தது. அந்தச் சிரிப்பு அடங்குவதற்குள் போன் அடித்தது. அவர்.

"என்னங்க, இந்நேரத்துல?"

"ஒண்ணுமில்லை. கடையில ஆளில்லை, மேஜைமேல தலையை வெச்சேன், கொஞ்சம் கண் அசந்துட்டேன்." மேஜையில் எதையோ நகர்த்தும் சத்தம். "ஏய்... அவ இப்ப சிரிச்சாளா?"

"ஆமாங்க."

"சரி சரி, கடைக்கு ஆள் வந்திருக்காங்க" என்று வைத்துவிட்டார்.