சேற்றில் இறங்கிய குதிரை

வைடன்ஃபெல்ட்,
மார்ச் 1868

அன்பு மகள் தெக்லாவுக்கு, அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் உடம்புக்குக் குறைவில்லாமல் இருக்கிறோம், மனசைப் பற்றி மட்டும் கேட்காதே. பாரிஸில் நீ வேளாவேளைக்குச் சாப்பிட்டு, குளிருக்கு இதமாக உடுத்தி இருக்கிறாய் என்று நம்புகிறேன்.

கண்காட்சியில் உன் படம் என்ன ஆயிற்று என்று கடிதத்துக்குக் கடிதம் கேட்கிறாய். எழுத உட்கார்ந்தாலே ஆத்திரத்தில் பேனா முனை மடங்குகிறது. சேற்றில் உருளைக்கிழங்கு வண்டி இழுக்கும் அந்தக் குதிரைப் படத்தையும் என்னுடைய கோட்டைப் படத்தையும் சேர்த்தே ஓவியப் பள்ளிக்கு அனுப்பினேன். நீ மூலையில் வோல்ராத் என்று மட்டும் கையெழுத்துப் போட்டிருந்தாய். யாருடையது என்று யாரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அம்மா மட்டும், முழுப் பேரையும் எழுதிக் குடுத்துடுங்க, பின்னால வம்பு வரும் என்று முணுமுணுத்தாள். திறப்பு விழாவன்று கூட்டமெல்லாம் உன் குதிரை முன்னால்தான். பள்ளித் தலைவர் ஃபான் ஷ்ட்ராலன் எல்லோர் எதிரிலும் என் தோளைத் தட்டி, ஏன்யா வோல்ராத், இத்தனை வருஷமா இந்தக் கையை எங்க ஒளிச்சு வச்சிருந்தீர், அந்தக் கோட்டையை மட்டும் வீட்டுக்கே எடுத்துட்டுப் போயிடும் என்று சிரித்தார். எனக்கு வந்தது பெருமையா வயிற்றெரிச்சலா, தெரியவில்லை. கணப்படுப்பு கட்டுகிறவர் மகனாகப் பிறந்து, கால்நடையாக ரோமாபுரி வரை போய்க் கற்று வந்து, அந்தப் பள்ளியிலேயே இருபது வருஷத்துக்கு மேலாக, பையன்கள் சிலையைப் பார்த்து வரைந்த மூக்கையும் காதையும் திருத்தித் திருத்தியே கை மரத்துப்போனவன் நான். அது என் மகள் போட்ட படம் என்றேன்.

சிரிப்பு அப்படியே நின்றது. பொண்ணுங்களைச் சேர்க்காத பள்ளிக்கூடத்துல பொண்ணு படத்தை எப்படிய்யா மாட்டுறது என்றார். இப்பப் பார்த்து ரசிச்ச அதே குதிரைதானே என்று கேட்டேன். குதிரை அதேதான், ஆனா பள்ளிக்கூட விதின்னு ஒண்ணு இருக்கே, வேணும்னா சீமாட்டிகளோட பூத்தையல் வச்சிருக்கிற அறையில ஓரமா மாட்டிக்கும் என்றார். நாற்காலியை இழுத்துப் போட்டு ஏறி உன் படத்தை நானே கழற்றினேன். என் கோட்டையையும் கழற்றினேன். இரண்டையும் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கடைத்தெரு வழியே வீட்டுக்கு வந்துவிட்டேன். மறுநாள் ஆள் அனுப்பி, மன்னிப்புக் கேட்டால் வேலையில் இருக்கலாம் என்றார்கள். நான் போகவில்லை. இந்த வயசுல நாற்காலி மேல ஏறலாமா என்று திட்டிக்கொண்டே அம்மா என் இடுப்புக்கு ஒத்தடம் கொடுத்தாள். மன்னிப்புக் கேளுங்கள் என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை.

இப்போது உன் குதிரை சமையலறையில், தொத்திறைச்சி தொங்கும் கம்பிக்குக் கீழே நிற்கிறது. என் பழைய மாணவன் ருப்ரெக்ட் வந்து பார்த்துவிட்டு, வாத்தியாரே, இந்தச் சேத்துக்கு என்ன கலர் கலந்தாங்க, கேட்டு எழுதுங்களேன் என்கிறான். என்னிடம் ஒரு நாளும் ஒன்றும் கேட்காத தடியன்! போன வாரம் மருந்துக்கடைக்காரர் மகள்கள் இருவரும் வந்து, எங்களுக்கும் சொல்லித் தருவீங்களா என்றார்கள். சாப்பாட்டு மேசையிலேயே ஆரம்பித்துவிட்டேன். சிலை எதற்கு, கிழங்கு உரிக்கும் அம்மாவைத்தான் வரைகிறார்கள். முட்டைக்கோஸ் எல்லாம் டர்பன்டைன் நாத்தம் அடிக்குது என்று அவளுக்குத் தினம் புலம்பல், ஆனால் அசையாமல் உட்கார்ந்து கொடுக்கிறாள்.

கடவுள் உன்னையும் உன் கண்களையும் காக்கட்டும். அம்மா கம்பளிக் காலுறை அனுப்பியிருக்கிறாள், போட்டுக்கொள். தலைக்கனம் மட்டும் வேண்டாம். அந்த மேதாவிகள் ஒருவர் கண்ணிலும் படவில்லை, குதிரையின் பின்னங்கால் தப்பு. முட்டி அப்படி மடங்காது. கோடையில் வந்து நீயே திருத்து, நான் தொடமாட்டேன்.

உன் மேல் கோபமில்லாத அப்பா,
லெபெரெக்ட் வோல்ராத்